அழுகைக்கு இன்னொரு டேக்

2021 செப்டம்பரில் அமெரிக்கக் குடும்ப யூடியூப் சேனல் ஒன்றில் ஒரு வீடியோ ஏறியது. காருக்குள் அம்மாவும் சிறுவயது மகனும். வீட்டுக்குப் புதிதாக வந்த நாய்க்குட்டிக்குப் பார்வோ வைரஸ் தொற்றியிருக்கிறது, பிழைப்பது சந்தேகம் என்று அம்மா கேமராவிடம் சொல்கிறார். பையன் அழுகிறான். வீடியோ அதோடு முடிந்திருக்க வேண்டும். கடைசித் துண்டை வெட்ட மறந்துபோயிற்று. அந்தத் துண்டில், தம்ப்நெயில் படத்துக்காக அம்மா மகனைத் தோளில் சாயச் சொல்கிறார், அழுவதுபோல் முகத்தை வைக்கச் சொல்கிறார். நான் நிஜமாகவே அழுதுகொண்டிருக்கிறேன் என்கிறான் பையன். தெரியும் என்கிறார் அம்மா. சொல்லிவிட்டு, முகத்தை எப்படிக் காட்டுவது என்று திருத்தங்களைத் தொடர்கிறார்.

வீடியோ பரவியது, உலகம் திட்டித் தீர்த்தது. அவர் மன்னிப்புக் கேட்டுச் சேனலை மூடிவிட்டார். திட்டியவர்களோடு எனக்குச் சண்டை இல்லை. ஆனால் இதைப் போலி அழுகை என்ற கணக்கில் எழுதி மூடிவிட முடியவில்லை. பையனின் கண்ணீர் அசல். அந்த அசல், படத்துக்குப் போதவில்லை என்பதுதான் விஷயம். உண்மையாக அழுகிறவனிடம் போய், இன்னும் கொஞ்சம் உண்மைபோல அழு என்று கேட்கிறது ஒரு தொழில்.

இன்ஃப்ளூயன்சர்களைப் பற்றிப் பேச்சு வந்தாலே, இவர்கள் அழுவது நிஜமா நடிப்பா என்ற பட்டிமன்றம் தொடங்கிவிடும். நடுவர் தீர்ப்புச் சொல்ல முடியாத தலைப்பு அது. ஓர் உணர்ச்சி தான் பார்க்கப்படுவதை அறியும்போது அதற்கு என்ன ஆகிறது, பார்த்தவர்களின் எண்ணிக்கை கைக்கு வரும்போது என்ன ஆகிறது என்ற இரண்டு கேள்விகளும் அப்படியல்ல. அவற்றை ஆய்வுக்கூடத்துக்குக் கொண்டுபோக முடியும். கொண்டுபோயிருக்கிறார்கள்.

தமிழில் இதற்கு வசதியான ஒரு சொல் இருக்கிறது. உள்ளத்தில் எழுவது உடம்பில் வெளிப்படுவதைத் தொல்காப்பியம் மெய்ப்பாடு என்று பெயரிட்டு, தனி இயலே ஒதுக்கி எட்டாகப் பிரித்திருக்கிறது. மெய் என்றால் உடம்பு. மெய் என்றால் உண்மையும்தான். உடம்பில் தெரிவது உண்மை என்ற நம்பிக்கை அந்தச் சொல்லுக்குள்ளேயே உட்கார்ந்திருக்கிறது. அதே மொழிதான் ‘கூலிக்கு மாரடிக்கிறது’ என்ற வசவையும் வைத்திருக்கிறது. இழவு வீட்டுக்குப் பணம் கொடுத்து ஒப்பாரிக்கு ஆள் கூப்பிடும் வழக்கம் இருந்த ஊர், உடம்பை முழுக்க நம்பிவிடவில்லை. ஆனால் ஒப்பாரி சொல்லும் பெண்களிடம் பேசிப் பார்த்தவர்களுக்கு ஒன்று தெரியும். யாரோ ஒருவரின் சாவுக்குப் பாடத் தொடங்குகிறவர், நாலு வரி போவதற்குள் தன் அப்பனையோ பிள்ளையையோ நினைத்துக்கொள்கிறார். அதற்குப் பிறகு வரும் கண்ணீரைக் கூலிக் கணக்கில் சேர்ப்பதா, சொந்தக் கணக்கில் சேர்ப்பதா?

உடம்பை நம்பலாம் என்பதற்கு அறிவியல் தரப்பில் வந்த முதல் பெரிய சாட்சி துஷேன் என்ற பிரெஞ்சு மருத்துவர். 1862இல் வெளிவந்த அவருடைய நூலின் படங்களை ஒருமுறை பார்த்தால் மறக்க முடியாது. பல் போன ஒரு முதியவர். முகத்தில் தொடுவுணர்ச்சி மரத்துப்போனவர். கன்னத்தில் மின்கம்பிகளை வைத்து ஒவ்வொரு தசையாகத் துடிக்கவைத்துப் புகைப்படம் எடுத்தார் துஷேன். வாயோரத்தை மேலே இழுக்கும் கன்னத் தசையை மட்டும் தூண்டினால் சிரிப்பு வந்தது, மகிழ்ச்சி வரவில்லை. கண்ணைச் சுற்றியுள்ள தசையும் சேர்ந்து சுருங்கினால்தான் பார்ப்பவர்கள் நம்பினார்கள். முதல் தசை நம் சொல் கேட்கும், இரண்டாவது உள்ளத்தின் சொல்லை மட்டுமே கேட்கும் என்று அவர் முடிவுகட்டினார். நூறு ஆண்டுகளுக்கும் மேல் கழித்து அமெரிக்க உளவியலாளர் பால் எக்மன் இதைத் தூசு தட்டி எடுத்து, ‘துஷேன் சிரிப்பு’ என்று பெயர் வைத்தார். கண்ணோரச் சுருக்கம் அசல் சிரிப்பின் முத்திரை ஆனது.

பிறகு வந்த சோதனைகள் அந்த முத்திரையைப் பிடுங்கிக்கொண்டன. கேட்டுக்கொண்டால் கண்ணோரத்தையும் சேர்த்துச் சிரித்துக் காட்ட நிறையப் பேரால் முடிகிறது. மகிழ்ச்சி என்று உள்ளே ஒன்றும் தேவைப்படவில்லை. ரிங் லைட்டின் வெள்ளை வட்டம் விழியில் மிதக்க, ‘ஹாய் மக்களே’ என்று தொடங்குகிற ஒருவரின் கண்ணோரச் சுருக்கத்தை வைத்து அவர் மனதைக் கண்டுபிடிப்பேன் என்று யாராவது சொன்னால், அவர் ஜோசியர்.

சரி, நடிக்கிற முகம் உள்ளே ஏதாவது செய்கிறதா? இங்கேதான் உளவியலில் எனக்கு மிகவும் பிடித்த ரகளை நடந்தது.

1988இல் ஃபிரிட்ஸ் ஷ்ட்ராக் என்ற ஜெர்மானிய உளவியலாளரும் அவருடைய கூட்டாளிகளும் மாணவர்களின் வாயில் பேனா கொடுத்தார்கள். ஒரு குழு பேனாவைப் பல்லால் கடித்துப் பிடிக்க வேண்டும். அப்படிப் பிடித்தால் தெரியாமலே சிரிப்புத் தசை வேலை செய்யும். இன்னொரு குழு உதட்டால் கவ்வ வேண்டும். அப்போது சிரிக்கவே முடியாது. பேனாவோடு கார்ட்டூன் பார்த்து மதிப்பெண் போடச் சொன்னார்கள். பல்லால் பிடித்தவர்களுக்குக் கார்ட்டூன் கொஞ்சம் கூடுதலாகச் சிரிப்பு மூட்டியது. முகம் சிரித்தால் மனமும் சற்றுச் சிரிக்கும் என்ற இந்தச் செய்தி எல்லாப் பாடப்புத்தகங்களிலும் ஏறிற்று. தன்னம்பிக்கைப் பேச்சாளர்கள் அதை வைத்துப் பல வருடம் சோறு சாப்பிட்டார்கள்.

2016இல் 17 ஆய்வுக்கூடங்கள் ஒரே நேரத்தில் அதைத் திரும்பச் செய்து பார்த்தன. ஒன்றும் வரவில்லை. பேனா கதை முடிந்தது என்றார்கள்.

ஜெருசலேம் ஹீப்ரு பல்கலைக்கழகத்தின் டாம் நோவாவும் இரு சகாக்களும் ஒரு சின்ன வித்தியாசத்தைக் கவனித்தார்கள். 17 இடங்களிலும், பேனாவைச் சரியாகப் பிடிக்கிறார்களா என்று பார்க்க, கலந்துகொண்டவர்கள் முன்னால் ஒரு கேமரா இருந்தது. 1988இல் கேமரா கிடையாது. அவர்கள் இரண்டு விதமாகவும் செய்து பார்த்து 2018இல் முடிவை வெளியிட்டார்கள். கேமரா இல்லாதபோது பழைய விளைவு எட்டிப் பார்த்தது. கேமரா இருந்தால் காணோம். அவர்கள் தந்த விளக்கம் இது: யாரோ பார்க்கிறார்கள் என்றால், நமக்குள் என்ன நடக்கிறது என்பதிலிருந்து கவனம் நகர்ந்து, நாம் எப்படித் தெரிகிறோம் என்பதற்குப் போய்விடுகிறது. உடம்பு உள்ளே அனுப்பும் சின்னச் சின்னத் தகவல்கள் கேட்பாரின்றிக் கிடக்கின்றன.

இந்த ஓர் ஆணியில் முழு வீட்டையும் மாட்டக் கூடாது. 2022இல் 19 நாடுகளில் 3,878 பேரிடம் நடந்த கூட்டு ஆய்வில், சிரித்த முகத்தைப் பார்த்து அப்படியே முகத்தை வைத்தவர்களுக்கு மகிழ்ச்சி ஓரளவு கூடியது. பேனாவோ அங்கும் தெளிவான பதில் தரவில்லை. ஆகவே கேமரா உணர்ச்சியைக் கொல்லும் என்று நான் எழுத மாட்டேன். ஆனால் திருமண வீடியோ எடுக்கும்போது மணமேடையில் உட்கார்ந்திருந்த யாரையும் கேட்டுப் பாருங்கள். அந்த நேரத்தில் என்ன தோன்றியது என்று கேட்டால் விழிப்பார்கள். மாலை ஒருபக்கம் சரிந்திருந்தது மட்டும் நினைவிருக்கும். இன்ஃப்ளூயன்சர்களுக்கு அந்த மணமேடை தினமும்.

இவர்களுக்கு முன்பே இப்படி வாழ்ந்த ஒரு கூட்டம் உண்டு. அமெரிக்கச் சமூகவியலாளர் ஆர்லி ஹாக்ஷீல்ட் டெல்டா விமான நிறுவனத்தின் பணிப்பெண்களோடு பழகி 1983இல் ஒரு நூல் எழுதினார். சம்பளத்துக்கு உடம்பை வாடகைக்கு விடுவதுபோல உணர்ச்சியையும் விடுகிறோம் என்பது அவர் கண்டது; அதற்கு அவர் வைத்த பெயர் உணர்ச்சி உழைப்பு. அதில் இரண்டு வகை. முகத்தில் மட்டும் ஒட்டவைப்பது ஒன்று. கத்துகிற பயணியைத் தன் வீட்டுக்கு வந்த விருந்தாளி என்றோ முதல் முறை பறக்கும் பயந்த குழந்தை என்றோ கற்பனை செய்து, கனிவை நிஜமாகவே வரவழைத்துக்கொள்வது மற்றொன்று. ஒப்பாரிப் பெண் செய்வது இரண்டாவது. நீண்ட பயணம் முடிந்து வீட்டுக்குப் போன பிறகும் சிரிப்பை இறக்கிவைக்க முடியவில்லை என்று அந்தப் பெண்கள் அவரிடம் சொன்னார்கள்.

எது உடம்பைக் கெடுக்கிறது என்று பின்னால் ஏராளமானோர் அளந்து பார்த்தார்கள். முப்பதாண்டுகளின் 95 ஆய்வுகளைத் தொகுத்து 2011இல் வந்த ஒரு பகுப்பாய்வின்படி, மேல்பூச்சாக நடிப்பவர்களிடம்தான் களைப்பும் சலிப்பும் உடல்நலக் குறைவும் சேர்ந்து காணப்படுகின்றன. உள்ளிருந்து வரவழைப்பவர்களுக்கு அந்த அளவுக்குச் சேதம் இல்லை. அப்படியானால் அழும்போது நிஜமாகவே அழுகிற இன்ஃப்ளூயன்சர் தப்பித்துக்கொள்வாரா? விமானப் பணிப்பெண்ணுக்கும் அவருக்கும் உள்ள வேறுபாட்டை இங்கே மறக்கக் கூடாது. பணிப்பெண்ணுக்குச் சீருடை உண்டு, விமானம் தரையிறங்கும். இவர் நடிக்கும் பாத்திரத்தின் பெயரும் இவர் பெயர்; மேடை, படுக்கையறை. பணிப்பெண் வரவழைத்தது அந்நியருக்கான கனிவை. இவர் எடுத்துக் கொடுப்பது சொந்தக் காதல் முறிவு, சொந்தக் கருச்சிதைவு, சொந்த நாய்க்குட்டி. இன்னொன்று: பணிப்பெண்ணின் சிரிப்புக்குக் கீழே எண் எழுதுவதில்லை.

எண் வந்தது 2009 பிப்ரவரி 9 அன்று. ஃபேஸ்புக் லைக் பொத்தானை அறிமுகப்படுத்திய நாள் அது. ‘டோபமைன் ஹிட்’ என்ற சொல்லை உடனே எடுக்க வேண்டாம். அந்தச் சொல் இப்போது தலைவலி மாத்திரைபோல எல்லாவற்றுக்கும் கொடுக்கப்படுகிறது. வோல்ஃப்ராம் ஷூல்ட்ஸ் என்ற நரம்பியலாளர் குரங்குகளின் மூளையில் டோபமைன் நரம்பணுக்களைக் கவனித்தபோது கண்டது அதைவிடச் சுவையானது. எதிர்பாராமல் பழச்சாறு கிடைத்தால் அந்த அணுக்கள் துடிக்கின்றன. விளக்கு எரிந்தால் சாறு வரும் என்று குரங்கு கற்றுக்கொண்ட பிறகு, விளக்குக்குத் துடிக்கின்றன. சாறு வரும்போது சும்மா இருக்கின்றன. விளக்கு எரிந்து சாறு வராவிட்டால், வழக்கமான துடிப்பும் குறைந்து அடங்குகின்றன. அதாவது அந்த அணுக்கள் எதிர்பார்த்ததற்கும் கிடைத்ததற்கும் உள்ள வித்தியாசத்தைக் கணக்குப் பார்க்கின்றன. ஆயிரம் லைக் பழகியவருக்கு ஆயிரம் லைக் ஒன்றுமே இல்லை. தொள்ளாயிரம் வந்த அன்று அது நஷ்டம்.

லைக் வாங்கும் மூளையையும் படம் பிடித்திருக்கிறார்கள். 2016இல் லாஸ் ஏஞ்சலிஸில் 32 விடலைப் பிள்ளைகளை ஸ்கேனருக்குள் படுக்கவைத்து, இன்ஸ்டாகிராம்போல ஒரு திரையில் படங்களைக் காட்டினார்கள். லைக் எண்ணிக்கையை ஆய்வாளர்களே போட்டார்கள்; ஒரே படம் சிலருக்கு நிறைய லைக்கோடு, சிலருக்குக் கொஞ்சம் லைக்கோடு தெரிந்தது. தன் படத்துக்கு நிறைய லைக் விழுந்திருப்பதைப் பார்த்தபோது, வெகுமதிக்கு விழித்துக்கொள்ளும் நியூக்ளியஸ் அக்கம்பென்ஸ் என்ற பகுதி சுறுசுறுப்பானது. பெரிய ஆச்சரியம் இல்லை. எண் கூடினால் அதே படம் பிள்ளைகளுக்கு அதிகம் பிடித்தது என்பதைத்தான் நான் குறித்துவைத்தேன்.

ஸ்கேனருக்கு வெளியே என்ன நடக்கிறது? 4,000க்கும் மேற்பட்டவர்கள் இட்ட பத்து லட்சத்துக்கும் அதிகமான பதிவுகளை எடுத்துக்கொண்டு, 2021இல் ஒரு குழு, இவர்கள் பதிவிடும் வேகத்தை விலங்குகளின் கற்றல் கணக்கோடு ஒப்பிட்டது. பொருந்தியது. கூண்டு எலி நெம்புகோலை அழுத்தும் வேகத்தைத் தீனி வரும் வேகம் தீர்மானிப்பதுபோல, லைக் வரும் வேகம் அடுத்த பதிவு வரை உள்ள இடைவெளியைத் தீர்மானித்தது. இவர்களில் பெரும்பாலோர் நம்மைப்போலச் சாதாரணமானவர்கள். வாடகையும் மின்கட்டணமும் அந்த லைக்கிலிருந்து வருகிறவரை யோசித்துக்கொள்ளலாம்.

வேகம் மட்டுமல்ல, எந்த உணர்ச்சி வெளியே வருகிறது என்பதும் பழக்கப்படுத்தப்படுகிறது. யேல் பல்கலைக்கழகத்தில் வில்லியம் பிரேடி, மாலி கிராக்கெட் குழுவினர் 7,331 பேரின் 1 கோடியே 27 லட்சம் ட்வீட்டுகளை ஆராய்ந்தார்கள். தார்மீகக் கோபத்துக்கு லைக்கும் பகிர்வும் எதிர்பார்த்ததைவிடக் கூடுதலாகக் கிடைத்த மறுநாள், அவர்கள் இன்னும் கோபமாக எழுதினார்கள். நிதானமானவர்கள் சூழ இருந்தவர்களிடம் இந்தப் பயிற்சி கூடுதலாகப் பலித்தது என்பது எனக்கு இடிபோல இறங்கிய தகவல். தீவிரமானவர்கள் ஏற்கெனவே உச்சத்தில் இருந்தார்கள். ஏறுவதற்கு இடமிருந்தது சாந்தமானவர்களிடம்தான். அவர்கள் பொய்க்கோபம் கொண்டார்கள் என்று யாரும் சொல்லவில்லை. மனிதனுக்குள் ஒரே நாளில் பத்து உணர்ச்சி எழுகிறது. எதற்குத் தீனி விழுகிறதோ அது அடுத்த முறை முன்வரிசைக்கு வருகிறது. யாரும் பொய் சொல்லாமலே ஒரு முகம் தயாராகிவிடுகிறது.

தீனி போடும் கையும் சும்மா இல்லை. 2017இலிருந்து சில காலம் ஃபேஸ்புக்கின் கணக்கில் லைக்குக்கு ஒரு புள்ளி என்றால், கோபம் உட்பட உணர்ச்சி எமோஜிகளுக்கு ஐந்து புள்ளி. புள்ளி ஏறினால் பதிவு அதிகம் பேர் கண்ணில் படும். 2021இல் வெளியே கசிந்த அந்த நிறுவனத்தின் ஆவணங்களிலிருந்து உலகம் இதைத் தெரிந்துகொண்டது. அதற்குள் கோபத்தின் மதிப்பைப் பூஜ்யமாக்கியிருந்தார்கள். ஒரு மெய்ப்பாட்டுக்கு ஐந்து மதிப்பெண் கொடுத்துப் பிறகு பறித்துக்கொண்ட இலக்கண ஆசிரியர்களை இந்த உலகம் அதற்கு முன் கண்டதில்லை.

வெறும் அழகு சலித்துப்போனதும் சந்தை அசலைக் கேட்டது. சிங்கப்பூரில் பிறந்த மானுடவியலாளர் கிரிஸ்டல் அபிடின் அங்குள்ள இன்ஃப்ளூயன்சர்களைப் பல ஆண்டுகள் பின்தொடர்ந்து, தற்செயலாக நடந்ததுபோலத் தெரியும்படி கவனமாகச் செய்யப்படும் காட்சிகளுக்கென்றே ஒரு பெயர் வைத்தார். தமிழில் அதை அளந்து சிந்திய அலட்சியம் எனலாம். கலைந்த தலை, துவைக்காத துணிக்குவியல், நடுவில் உடையும் குரல். சிந்தியது உண்மையான பால்தான். எவ்வளவு சிந்துவது என்பதில்தான் தொழில் இருக்கிறது.

இதெல்லாம் தெரிந்தும் ஏன் விட முடியவில்லை? பேராசை என்று சொல்லிவிடுவது சுலபம். மார்க் லியரி என்ற உளவியலாளர் 1990களில் சொன்ன விளக்கம் எனக்கு நியாயமாகப் படுகிறது. சுயமதிப்பு என்பது வண்டியின் பெட்ரோல் முள் மாதிரி. கூட்டத்தில் நமக்கு எவ்வளவு இடம் இருக்கிறது என்று காட்டுவதே அதன் வேலை. கூட்டத்தைவிட்டுத் தள்ளப்பட்டால் உயிர் பிழைக்க முடியாத காலத்தில் உருவான கருவி அது. நாற்பது ஐம்பது முகங்களைப் பார்த்து ஆடப் பழகிய முள். அதன்முன் ஆறு லட்சம் பேரை நிறுத்தினால் முள் என்ன செய்யும்?

ஆறு லட்சம் என்பது நான் சும்மா எடுத்த எண் அல்ல. ஆஸ்திரேலியாவின் எசேனா ஓநீல், 2015 நவம்பரில், பதினெட்டு பத்தொன்பது வயதில், ஆறு லட்சத்துக்கும் மேற்பட்ட இன்ஸ்டாகிராம் ஃபாலோயர்களை வைத்துக்கொண்டு நிறுத்தினார். இரண்டாயிரத்துக்கும் அதிகமான படங்களை அழித்தார். மிச்சம் வைத்த படங்களுக்குக் கீழே இருந்த குறிப்புகளை மாற்றி எழுதினார். கடற்கரையில் யதார்த்தமாக நிற்பதாகத் தெரிந்த படம், வயிறு தட்டையாகத் தெரியும்வரை நூறு முறைக்குமேல் எடுத்தது என்றார். இந்தச் சட்டைக்குப் பணம் வாங்கினேன், அந்த நாளில் சாப்பிடவே இல்லை என்றெல்லாம் எழுதினார். ஒப்பனை இல்லாமல் கேமரா முன் உட்கார்ந்து அழுதார். உலகப் பத்திரிகைகள் அந்த அழுகையைப் பக்கம் பக்கமாக எழுதின.

ஒரு வாரம்கூடப் போகவில்லை. அமெரிக்கத் தோழிகள் இருவர், இது புதிய சுயவிளம்பரம் என்று வீடியோ போட்டார்கள். ஒப்பனை இல்லாத முகம்கூட ஓர் ஒப்பனை என்று பேச்சு கிளம்பியது. வாடகைக்கே பணமில்லை, உதவுங்கள் என்று எசேனா ஓநீல் அழுத இன்னொரு வீடியோ அந்தச் சந்தேகத்துக்கு எண்ணெய் ஊற்றியது. அந்தக் கண்ணீர் அசல் என்றே நான் நினைக்கிறேன். அதை வேறு எந்த மொழியில் அவர் நிரூபித்திருக்க முடியும்? அவர் அறிந்த ஒரே பாஷையில்தான் விடைபெற்றார். ஆறு லட்சம் பேர் அதே பாஷையில்தான் அவரைப் படித்தார்கள்.

அவர் தானே நுழைந்து தானே வெளியேறினார். காருக்குள் இருந்த பையனுக்கு அந்த இரண்டும் இல்லை. அவனைப்போன்ற பிள்ளைகளுக்காகச் சட்டம் எழுதிய முதல் அமெரிக்க மாநிலம் இல்லினாய். பள்ளி மாணவி ஒருவர் தன் தொகுதி செனட்டருக்கு எழுதிய கடிதத்தில் தொடங்கி, 2023 ஆகஸ்டில் கையெழுத்தாகி, 2024 ஜூலை 1 முதல் நடைமுறைக்கு வந்தது. பெற்றோர் பணம் ஈட்டும் வீடியோக்களில், முப்பது நாள் காலத்துக்குள் குறைந்தது 30 சதவீதத்தில் பதினாறு வயதுக்கு உட்பட்ட பிள்ளை இடம்பெற்றால், வருமானத்தில் ஒரு பங்கைத் தனிக் கணக்கில் போட்டுவைக்க வேண்டும். பதினெட்டு வயதில் பிள்ளை அதை எடுத்துக்கொள்ளலாம். பங்கு எவ்வளவு என்பது வீடியோவில் பிள்ளை எவ்வளவு நேரம் வருகிறது என்பதைப் பொறுத்தது. சிரிக்கிற நிமிடத்துக்கும் அழுகிற நிமிடத்துக்கும் ஒரே விகிதம். கேமரா ஓடத் தொடங்குவதற்கு முன்னால் அழுத நேரம் கணக்கில் வராது.